மதினி கூப்பிடாத பெயர்

மதினி யாரையும் வாய்விட்டுக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. கைதட்டுவாள். தெருமுனை தாண்டிவிட்ட கீரைக்காரிக்கும் கைதட்டல்தான், மாடியில் துணி உலர்த்தும் எனக்கும் கைதட்டல்தான், மட்டையைத் தூக்கிக்கொண்டு விளையாட ஓடுகிற மகனுக்கும் கைதட்டல்தான். எல்லாம் அதே கைகள். இருந்தாலும் யாருக்கு விழுந்த தட்டு என்று அவரவருக்குத் தெரிந்துவிடும். கீரைக்காரிக்குத் தட்டியதற்கு நான் ஒரு நாளும் திரும்பிப் பார்த்ததில்லை.

மேலகரத்தில் எங்கள் வீட்டுக்கும் அவர்கள் வீட்டுக்கும் நடுவே ஒற்றைச் சுவர். நான் கல்யாணமாகி அந்தத் தெருவுக்கு வந்த புதிதில் அவள் கைப்பிள்ளைக்காரி. அவள் வீட்டுக்காரரைத் தெருவே அண்ணாச்சி என்று அழைக்கும். நானும் அப்படியே அழைத்தேன். அந்த முறையில் அவள் எனக்கு மதினி. நான் அவளுக்கு ஏட்டி. என் பெயர் அவளுக்குத் தெரியும் என்பதற்கு இன்றுவரை எந்தச் சாட்சியமும் கிடையாது. இப்போது அவர்கள் செங்கோட்டைப் பக்கம், அவள் தம்பி வீட்டுக்கு அருகே போய்விட்டார்கள். சுவருக்கு அந்தப் பக்கம் வேறு குடித்தனம். யாராவது கைதட்டினால் எனக்கு இன்னும் கழுத்து திரும்புகிறது.

அவர்களுக்குக் குற்றாலத்தில், பேரருவிக்குப் போகிற பாதையில் சீசன் கடை. தேய்த்துக் குளிக்க எண்ணெய், சோப்பு, சீயக்காய்ப் பொட்டலம், துண்டு, அரைக்கால் சட்டை. மேற்கே மேகம் இறங்கிச் சாரல் விழ ஆரம்பித்துவிட்டால் அந்தப் பாதை முழுக்கத் தொண்டைகளின் ராஜ்ஜியம்தான். வாங்க சார், வாங்கக்கா, இங்கன பாருங்க அண்ணாச்சி என்று கடைக்கு ஒருவர் கத்திக்கொண்டிருப்பார். கத்தாத கடையில் ஈ ஓட்ட வேண்டியதுதான் என்பது அங்கே எழுதாத சட்டம். மதினி மட்டும் ஒரு முக்காலியில் உட்கார்ந்து கைதட்டிக்கொண்டிருப்பாள். இத்தனை இரைச்சலுக்கு நடுவே யார் கைதட்டுகிறார்கள் என்று ஜனங்கள் திரும்பிப் பார்ப்பார்கள். திரும்பியவர்களில் பலர் துண்டு வாங்குவார்கள். பக்கத்துக் கடைக்காரர்களுக்கு வயிற்றெரிச்சல். பெரிய தந்திரக்காரி என்று சொல்லிக்கொண்டார்கள். தந்திரம் ஒன்றும் இல்லை, தன் குரல் உயர்வது அவளுக்குப் பிடிக்காது, அவ்வளவுதான் என்று நான் நெடுநாள் நினைத்திருந்தேன்.

அதற்காக அவள் பேசாமடந்தை என்று எண்ணிவிடக் கூடாது. சுவரோரம் நின்று பேச ஆரம்பித்தால் என் அடுப்பில் பால் பொங்கி வழியும். தெருவில் யார் வீட்டில் என்ன குழம்பு, யார் வீட்டில் யார் யாரோடு பேச்சு வார்த்தை இல்லை என்பதெல்லாம் அவளிடம் இருக்கும். எல்லாவற்றையும் அடுத்த ஆளுக்குக் கேட்காத அளவில், அடித்தொண்டையில் சொல்லுவாள். அந்தக் குரலில் வம்பு கேட்பது தனி சுகம். நான் பாலைப் பற்றிக் கவலைப்பட்டதில்லை.

அவள் மகனுக்கு முத்தையா என்று பெயர். அவள் மாமனாருக்கும் அதே பெயர்தான். மூத்த பேரனுக்குத் தாத்தா பெயர் வைப்பது எங்கள் பக்கத்து வழக்கம். மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லாததும் வழக்கம். இரண்டும் ஒரே வீட்டில் கூடினால், பெற்ற பிள்ளையைத் தாய் பெயர் சொல்லிக் கூப்பிட முடியாது. எங்கள் ஊரில் பல வீடுகளில் இந்தக் கூத்து உண்டு. பெரியவன், ராசா, கண்ணு என்று எதையாவது சொல்லித் தாய்மார்கள் ஒப்பேற்றுவார்கள். பிள்ளை கொஞ்சம் வளர்ந்து சேட்டை செய்ய ஆரம்பித்ததும் ஒரு நாள் ஆத்திரத்தில் பெயர் வாயில் வந்துவிடும். மாமனாரும் காதில் விழாத மாதிரி இருந்துவிடுவார். விரதம் அதோடு முடிந்தது. மதினிக்கு மட்டும் முடியவே இல்லை. அவளுக்கு அவன் எப்போதும் தம்பிதான்.

தெருப்பெண்கள் சும்மா இருப்பார்களா? பெயரில் பாதியையாவது சொல்ல வைத்துவிட வேண்டும் என்று அவளைப் படாதபாடு படுத்துவார்கள். நகைக்கடைக் காலண்டரைக் காட்டி, இந்த மாலையில் கோத்திருப்பது என்ன என்று கேட்பார்கள். வெள்ளைப் பாசி என்பாள். சிப்பிக்குள் இருக்குமே, அது என்ன என்பார்கள். சிப்பிக்குள் பூச்சி இருக்கும் என்பாள். சிரித்துச் சிரித்து எங்களுக்கு வயிறு வலிக்கும். அவளும் சிரிப்பாள். மாமியாருக்கோ பெருமை தாங்காது. தன் மருமகளைப் போல மட்டு மரியாதை தெரிந்தவள் தென்காசி வட்டாரத்திலேயே கிடையாது என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லுவார்.

பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போனபோது துணைக்கு என்னை அழைத்துப் போனாள். பிள்ளை பெயர் என்ன என்று கேட்டதும் முழங்கையால் என் விலாவில் ஓர் இடி. நான் சொன்னேன். அப்பா பெயர் என்ன என்றார்கள். மறுபடியும் இடி. அதையும் நானே சொன்னேன். எழுதிக்கொண்டிருந்த அம்மாள் மூக்குக்கண்ணாடிக்கு மேலே பார்த்து, இதில் தாயார் யார் என்று கேட்டார். வீடு திரும்புகிற வரைக்கும் மதினி முந்தானையால் வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டே வந்தாள்.

மாமனார் காலமானார். கொஞ்சநாள் கழித்து மாமியாரே கூப்பிட்டு, இனி என்ன, பேரைச் சொல்லியே கூப்பிட்டுக்கொள், அவரா வந்து கேட்கப் போகிறார் என்று அனுமதி கொடுத்தார். மதினி தலையை ஆட்டிவிட்டு, கொல்லைப்பக்கம் நின்ற மகனுக்குக் கைதட்டினாள். எனக்கு அப்போது லேசாக எரிச்சல்கூட வந்தது. நல்ல மருமகள் என்று பேர் வாங்கியது போதாதா, செத்துப்போன மாமனாருக்குமா பயப்பட வேண்டும் என்று நினைத்தேன்.

அந்தப் பையன் மீசை முளைத்த வயதில் அவளுக்கு ஒரு புது போன் வாங்கிக் கொடுத்தான். வாயால் பெயரைச் சொன்னால் போதும், அதுவே எண்ணைப் போட்டுக்கொள்ளும் என்று என் எதிரில்தான் சொல்லிக் கொடுத்தான். அப்பா பெயரைத்தான் சொல்ல மாட்டாய், என் பெயரைச் சொல்லு என்றான். அவள் சிரித்தபடி மறுத்தாள். அவன் விடவில்லை. "மிசினுகிட்டதானம்மா சொல்லப் போற. தாத்தாவுக்கா கேக்கப் போவுது?" என்றான். அவள் முகம் சட்டென்று செத்துவிட்டது. போனை அவன் கையில் திருப்பி வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள். பிறகு அவன் போனில் தன் படத்தைப் பெரிதாக வைத்து, இதைத் தொட்டால் போதும் என்று பழக்கிக் கொடுத்தான்.

அன்றைக்குத்தான் அவன் என்னிடம், அம்மா ஒரு தடவைகூடத் தன்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை, தெரியுமா அத்தை என்று சொன்னான். சிரித்துக்கொண்டுதான் சொன்னான். மற்ற பையன்களை அவர்களுடைய அம்மாமார் தெருவில் நின்று கத்திக் கூப்பிடும்போது தனக்குக் கொஞ்சம் பொறாமையாக இருக்கும் என்றான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

கூப்பாட்டுப் பாறையைப் பற்றி இங்கே சொல்லிவிட வேண்டும். பேரருவிக்கு மேலே, காட்டுக்குள் போகிற ஒற்றையடிப் பாதையில், ஓடை இரண்டு மலைச்சுவர்களுக்கு நடுவே விழுகிற இடத்தில் பள்ளத்தின் மேல் நாக்கைப் போல நீண்டிருக்கும் பாறை அது. சாரல் நாட்களில் அதன் மேல் நின்றால், எதிரே இருக்கிற பிளவிலிருந்து மனிதக் குரல்கள் கேட்கும். அந்தப் பாறையில் நின்று எப்போதோ யாரோ பேசியது கேட்கும். இனிமேல் யாரோ அங்கே நின்று பேசப்போவதும் கேட்கும். எது போனது, எது வரப்போவது என்று பிரித்துச் சொல்ல முடியாது. எங்கள் ஊரில் இதை யாரும் அதிசயமாகப் பேசுவதில்லை. தென்காசியில் கோபுரம் இருக்கிறது, குற்றாலத்தில் குரங்கு இருக்கிறது, காட்டுக்குள் இதுவும் இருக்கிறது.

பெரும்பாலும் கேட்பது உதவாத பேச்சுதான். நான் கல்யாணமான புதிதில் ஒரு முறை போய் நின்றேன். செருப்பை எடுத்துக்கொண்டாயா என்று ஒரு ஆண்குரல் கேட்டது. யார் செருப்போ, எந்தக் காலத்துச் செருப்போ. கல்லூரிப் பையன்கள் போனில் பதிவு செய்துகொண்டு இறங்கி வருவார்கள். கீழே வந்து போட்டுப் பார்த்தால் தண்ணீர்ச் சத்தம் மட்டும்தான் இருக்கும்.

ஆனால் அது பொல்லாத இடம். குரல் எதிரேயிருந்து வருவதால், இன்னும் கொஞ்சம் தெளிவாகக் கேட்க வேண்டும் என்று கால் தன்னையறியாமல் முன்னே போகும். நுனியெல்லாம் பாசி. செத்துப்போனவர்களின் குரலைத் தேடி வந்தவர்கள்தான் அங்கே அதிகம் விழுந்தார்கள். ஒருவர், கல்யாணமான புதிதில் மனைவியோடு வந்திருந்தபோது அவள் அந்தப் பாறையில் நின்று ஏதோ சொல்லிச் சிரித்தாளாம். அவள் இறந்த பிறகு அந்தச் சிரிப்புக்காகவே சாரல்தோறும் வந்துகொண்டிருந்தார். ஒரு சாரலில் அவர் இறங்கி வரவில்லை. அதற்குப் பிறகு கம்பிவேலி போட்டு, வழுக்குப் பாறை, எச்சரிக்கை என்று பலகை வைத்தார்கள். குரல்களைப் பற்றிப் பலகையில் ஒரு வார்த்தை இல்லை. வேலியில் ஆள் நுழைகிற ஓட்டை மறு வாரமே விழுந்துவிட்டது.

மதினி சீசன் முழுக்க அந்த மலையடியில்தான் உட்கார்ந்திருப்பாள். மேலே மட்டும் ஓர் அடி வைத்ததில்லை. பாறைக்கு வழி கேட்கிறவர்களிடம், அங்கே ஒன்றும் இல்லை, வீணாகக் காலை உடைத்துக்கொள்ளாதீர்கள் என்று சொல்லித் திருப்பி அனுப்பிவிடுவாள். வியாபாரம் தெரிந்தவள், வருகிறவர்களை ஏன் இப்படி விரட்டுகிறாள் என்று அண்ணாச்சியே குறைப்பட்டுக்கொள்வார்.

மகன் பள்ளிப்படிப்பை முடிக்கப் போகிற சமயம் அது. என் வீட்டு விருந்தாளிகளைக் குளிக்க அழைத்துப் போய், அவள் கடையில் உட்கார்ந்திருந்தேன். எண்ணெய் வாங்க வந்த யாரோ, உங்கள் பையனையும் கூட்டாளிகளையும் மேலே பாறைப் பக்கம் பார்த்தேன் என்று போகிறபோக்கில் சொல்லிவிட்டுப் போனார். மதினி கடையைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு ஓடினாள். நானும் பின்னால் ஓடினேன். வேலிக்கு அந்தப் பக்கம், பாறை நுனிக்குக் கொஞ்சம் முன்னால் அவன் முதுகைக் காட்டி நின்றிருந்தான். காதைக் கொடுத்துக் கேட்டுக்கொண்டிருந்தான். மதினி வேலிக் கம்பியோரம் நின்று கைதட்டினாள். தண்ணீர் விழுகிற சத்தத்தில் கைத்தட்டு எங்கே கேட்கும்? உள்ளங்கை சிவக்கச் சிவக்கத் தட்டினாள். அவன் ஓர் அடி முன்னே வைத்தான். அவள் வாய் திறந்தது, அப்படியே மூடிக்கொண்டது. நான்தான் அவன் பெயரைச் சொல்லிக் கத்தினேன். அவன் திரும்பினான்.

அவள் அவனை அடிக்கவில்லை, திட்டவும் இல்லை. கையைப் பிடித்து இறக்கிக் கூட்டி வந்தாள். வீட்டுக்கு வந்ததும் சாமி படத்துக்கு முன்னால் சூடம் கொளுத்தி, இனி அந்தப் பாறையை மிதிக்க மாட்டேன் என்று அதை அடித்து அணைத்துச் சத்தியம் செய்ய வைத்தாள். பையன் மிரண்டுபோய்ச் செய்தான். சாயங்காலம் சுவரோரம் எனக்குக் கைத்தட்டு விழுந்தது.

அப்போதுதான் சொன்னாள். தாவணி போட்ட வயதில், அம்மாவோடு மேலருவிக்குப் போய்விட்டுத் திரும்புகையில் அந்தப் பாறையில் நின்றிருக்கிறார்கள். அப்போது வேலி கிடையாது. பிளவிலிருந்து ஒரு பெண்குரல், முத்தையா என்று அழுதுகொண்டே கூப்பிட்டது. தன் அம்மாதான் கூப்பிடுகிறாள் என்று நினைத்துத் திரும்பிப் பார்த்திருக்கிறாள். அம்மா வாய் திறக்காமல் இவளையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"எங்கம்மா சொல்லுதா, என்னட்டி, உன் கொரல்லா கேக்குன்னு. எனக்கு ஒடம்பெல்லாம் நடுங்கிட்டு. அங்கன நிக்க முடியல. ஒரே ஓட்டமா ஓடியாந்துட்டேன்" என்றாள்.

அப்போது முத்தையா என்று அவளுக்கு யாரையும் தெரியாது. அந்தப் பெயர்க்காரன் எவனோ அங்கே விழப்போகிறான், தான் அதைப் பார்த்துக் கத்தப்போகிறோம் என்று மட்டும் மனதில் விழுந்துவிட்டது. அந்தப் பெயரில் மாப்பிள்ளை வந்தால் கிணற்றில் விழுவேன் என்று சொல்லிவிடுவது என்ற முடிவோடு இருந்தாள். வந்த மாப்பிள்ளைக்கு வேறு பெயர். நிம்மதியாகத் தலையாட்டிவிட்டாள். கல்யாணப் பத்திரிகை அச்சாகி வந்த அன்றுதான் மாமனார் பெயரைப் பார்த்தாள். வேறொருத்தியாக இருந்தால் அன்றே பயந்திருப்பாள். இவளுக்குச் சந்தோஷம். மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லவே கூடாது. சொல்லவே கூடாத பெயரைக் கத்திக் கூப்பிடுவது எப்படி? இந்த வீட்டைவிடப் பாதுகாப்பான வீடு தனக்கு வேறு எங்கே வாய்க்கும் என்று நினைத்திருக்கிறாள். மூத்த பேரனுக்குத் தாத்தா பெயர் வைக்கிற வழக்கம் ஒன்று உண்டு என்பது அந்த நேரத்தில் அவளுக்கு ஞாபகமே வரவில்லை. பிள்ளை பெற்றுக் கிடந்தபோது, மாமியார் குனிந்து குழந்தையின் காதில் பெயரைச் சொன்னார். அப்போதுதான் வந்தது.

வேறு பெயர் வைக்கலாம் என்று கேட்க அவளுக்கு வாய் வரவில்லை. கேட்டால் காரணம் சொல்ல வேண்டும். பாறையில் கேட்டதைச் சொன்னால், தன் பிள்ளையின் சாவைத் தானே ஊருக்குச் சொன்ன மாதிரி ஆகிவிடும். அதனால் வழக்கத்தையே காவலுக்கு நிறுத்திக்கொண்டாள். தப்பித் தவறிக்கூட வாயில் வந்துவிடக் கூடாது என்று எந்தப் பெயரையுமே கூப்பிடாமல் கைதட்டிப் பழகினாள். மரியாதை, மரியாதை என்று தெருவே மெச்சியதெல்லாம் பயம். நாங்கள் பாசியைக் காட்டி விளையாட்டுக் காட்டியபோதெல்லாம் அவள் மகனுடைய உயிரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"நான் கூப்பிட்டாத்தானட்டி அது நடக்கும்? என் வாயி என்கிட்டதான இருக்கு" என்றாள்.

எனக்கு இந்த மாதிரிப் பேச்சில் நம்பிக்கை கிடையாது. வேறு யாராவது சொல்லியிருந்தால் பிடிபிடி என்று பிடித்திருப்பேன். அவள் உள்ளங்கையைப் பார்த்தேன், இன்னும் சிவப்பாகவே இருந்தது.

பையன் பாலிடெக்னிக் முடித்தான். குற்றாலத்துக் கடையைப் பெரிதாக்கி, வருடம் முழுக்க நடத்தலாம் என்று அவனுக்கு ஆசை. மதினி ஒரே பிடியாக மறுத்துவிட்டாள். மலையும் அருவியும் இல்லாத ஊரில்தான் அவன் வேலை பார்க்க வேண்டும். ஆலங்குளத்தில் டிராக்டர் சாமான்கள் விற்கிற கடையில் வேலை கிடைத்தது. காலையில் பைக்கில் போய் இரவு சாப்பாட்டுக்கு வந்துவிடுவான். அந்தக் காலத்தில்தான் மதினி கொஞ்சம் சதை போட்டாள். அவனுக்குப் பெண் பார்க்க ஆரம்பித்தார்கள். இனி பேரன் வந்தால் என்ன பெயர் வைப்பீர்கள் என்று நான் சீண்டினேன். "அவனுக்கு இவரு பேரத்தான் வைக்கணும். புருசன் பேரயும் நான் சொல்ல முடியாதுலா. எனக்குன்னு வாய்ச்சிருக்கதப் பாரு" என்று சொல்லி, கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

சாரல் ஓய்ந்து வெயில் திரும்பிய ஒரு மாலையில், ஆலங்குளத்திலிருந்து வருகிற வழியில் லாரி அடித்துவிட்டது. பாறையில்லை, தண்ணீரில்லை, வெறும் தார் ரோடு.

திருநெல்வேலியில் ஒரு ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்கள். நினைவு திரும்பவில்லை. எங்களைக் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே விட்டார்கள். அங்கிருந்த நர்ஸ் சின்னப்பெண், நல்ல பெண். நினைவு இல்லாவிட்டாலும் காது கேட்கும், பேரைச் சொல்லிக் கூப்பிடுங்கள், அம்மா குரலுக்குச் சில பேர் கண்ணைத் திறப்பார்கள் என்று மதினியிடம் சொன்னாள். மதினி குனிந்து, தம்பி, தம்பி என்றாள். தம்பி என்றால் யாரை என்று அவருக்கு எப்படித் தெரியும், பேரைச் சொல்லுங்கம்மா என்றாள் அந்தப் பெண்.

அண்ணாச்சி கூப்பிட்டார். தெருவே கேட்கக் கூப்பிடுகிற மனிதருக்கு அன்று குரல் எழும்பவில்லை. நான் கூப்பிட்டேன். ஓர் அசைவும் இல்லை. மதினியின் கையைப் பிடித்து, ஒரே ஒரு தடவை கூப்பிடுங்கள் மதினி என்று கெஞ்சினேன். அவள் என்னைக் கதவுப் பக்கம் இழுத்துப் போனாள்.

"கூப்பிட்டா முடிஞ்சிரும்ட்டி. நான் இன்னும் கூப்பிடல. கூப்பிடாதவரைக்கும் அவனுக்கு ஒண்ணும் ஆகாது."

அவள் முகத்தில் அழுகைகூட இல்லை. எதையோ பல்லைக் கடித்துத் தூக்கி நிறுத்தியிருப்பவளின் முகம் அது. திரும்பிப் போய், அவன் காதுக்குப் பக்கத்தில் கையை வைத்து மெதுவாகத் தட்டினாள். அவனுக்கு மட்டும் என்று வைத்திருந்த தட்டு. எந்தக் கூட்டத்தில் நின்றாலும் அதற்கு அவன் திரும்புவான். நர்ஸ் பெண் ஒன்றும் புரியாமல் பார்த்துக்கொண்டு நின்றாள். நான் வெளியே வந்துவிட்டேன், என்னால் அங்கே நிற்க முடியவில்லை.

மறுநாள் காலையில் அவன் போய்விட்டான். அவள் கூப்பிடவில்லை, அவனும் போய்விட்டான்.

வீட்டில் கொண்டுவந்து கிடத்தியபோது தெருப்பெண்கள் அவன் பெயரைச் சொல்லிச் சொல்லி அழுதார்கள். மதினி முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஒப்பாரியில்கூட அந்தப் பெயர் அவள் வாயிலிருந்து வரவில்லை. பெற்றவள் பேர் சொல்லி ஒரு குரல் அழவில்லையே என்று சிலர் பேசிக்கொண்டார்கள். எனக்கு அவர்கள் வாயிலேயே போட வேண்டும் போல இருந்தது. அவள் கூப்பிட்டிருந்தால் கண் திறந்திருப்பானா என்று நான் டாக்டரிடம் கேட்டேன். இல்லவே இல்லை, மூளையில் அப்படி அடி, யார் கூப்பிட்டிருந்தாலும் ஒன்றுதான் என்றார். அதை மதினியிடம் எத்தனையோ தடவை சொன்னேன். கேட்டுக்கொள்வாள். சரி என்று தலையை ஆட்டுவாள்.

அடுத்த சாரலுக்கு அவர்கள் கடை போடவில்லை. ஒரு நாள் காலையில், மாதக்கணக்கில் கேட்காத கைத்தட்டு சுவருக்கு அந்தப் பக்கமிருந்து கேட்டது. எட்டிப் பார்த்தேன். பாறைக்குப் போக வேண்டும், கூட வருகிறாயா என்றாள். வேண்டாம் என்று சொன்னால் தனியாகப் போய்விடுவாள். செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினேன்.

வேலி ஓட்டைக்குள் நுழைந்ததும் அவள் முந்தானையை என் கையில் இறுகச் சுற்றிக்கொண்டேன். அவள் பார்த்தாள். "விழ மாட்டேன். அவன் பேச்சு கேக்குமான்னு பாக்கத்தான் வந்தேன்" என்றாள். அவன் பள்ளிக்கூடப் பையனாக அங்கே நின்றிருக்கிறான், கூட்டாளிகளோடு ஏதாவது பேசியிருப்பான் என்பது அவள் கணக்கு. நுனிக்கு வெகு தூரத்தில், பாறை பாதையோடு சேருகிற இடத்தில் உட்கார்ந்தோம். தண்ணீர் விழுந்துகொண்டிருந்தது. ஒரு பெண் யாரையோ வைதது கேட்டது. ஒரு கிழவர் இருமினார். யாரோ வாழைப்பழத்துக்குப் பேரம் பேசினார்கள். வெயில் ஏறும்வரை இருந்தோம். அவன் குரல் வரவே இல்லை. அந்தப் பாறை கேட்டதைத் தருகிற பாறை இல்லை.

போகலாம் மதினி என்றேன். அவள் எழுந்தாள். எழுந்தவள் பிளவைப் பார்த்து நின்றாள்.

"முத்தையா" என்றாள்.

முதலில் வாய்க்குள்ளேயே சொன்னது போல இருந்தது. பிறகு அடிவயிற்றிலிருந்து அழுகையோடு வந்தது. மலைச்சுவர் அதிர்ந்தது. தாவணி வயதில் அவள் கேட்டது இதைத்தான். பிள்ளை விழுவதைப் பார்த்துக் கத்திய கூப்பாடு இல்லை இது. எல்லாம் முடிந்த பிறகு, பெற்றவள் ஆசை தீரக் கூப்பிட்டது. இதற்குப் பயந்துதான் அவன் உயிரோடு இருந்த காலமெல்லாம் அவள் கூப்பிடாமல் இருந்திருக்கிறாள். எனக்குப் புரிந்த அதே நேரத்தில் அவளுக்கும் புரிந்துவிட்டது. சட்டென்று ஓர் அடி முன்னே போனாள். நான் முந்தானையை இழுத்துப் பிடித்தேன்.

"ஏட்டி, ஓடாத. நில்லு. பயப்படாத, நான்தான் பேசுதேன்" என்று பிளவைப் பார்த்துச் சொன்னாள். "அவன் இங்கன விழ மாட்டான். நீ கூப்பிட்டு அவனுக்கு ஒண்ணும் வராது. பொறந்த அன்னைக்கே பேரச் சொல்லிக் கூப்பிடு. மாமியா என்ன சொன்னாலும் கூப்பிடு. தெனமும் கூப்பிடுட்டி. அவனுக்கு அது ரொம்ப ஆசை."

அவள் யாரோடு பேசுகிறாள் என்று விளங்க எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. விளங்கியதும் அழுகையை அடக்க முடியவில்லை. பிளவிலிருந்து ஒரு சத்தமும் இல்லை, தண்ணீர் மட்டும் விழுந்துகொண்டிருந்தது. மதினி என் பக்கம் திரும்பினாள்.

"கேட்டிருக்க மாட்டா. பேரக் கேட்டதுமே ஓடிட்டேனே நான்."

அப்படிச் சொல்லிவிட்டும் அவள் நிறுத்தவில்லை. மறுபடி பிளவைப் பார்த்து, முத்தையா, முத்தையா என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள். சாப்பிடக் கூப்பிடுவது போல ஒரு தடவை, விளையாடப் போனவனைக் கூப்பிடுவது போல ஒரு தடவை, கோபத்தில் ஒரு தடவை, கொஞ்சிக்கொண்டு ஒரு தடவை. நான் தடுக்கவில்லை. முந்தானையை மட்டும் விடாமல் பிடித்துக்கொண்டு நின்றேன். மதினிக்கு இவ்வளவு கணீரென்ற குரல் இருந்தது எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். அவள் பிள்ளைக்குத் தெரியாமலே போய்விட்டது.